நல்லா இல்லாத படம்

"என் புதுப் படம் எல்லாருக்கும் பிடிச்சிருக்கு. எனக்குத்தான் தூக்கம் போயிடுச்சு," என்றார் பூவராகன்.

அரசியம்மா கொத்தவரங்காய் ஆய்ந்துகொண்டிருந்தார். கை நிற்கவில்லை.

"எப்பலருந்து சார்?"

"படம் முடிஞ்சதிலருந்து."

பூவராகனுக்கு அறுபத்தேழு வயது. பெரிய நடிகர்கள் இல்லாமல், பாட்டு இல்லாமல், கிடைத்ததை வைத்துக்கொண்டு அவர் எடுத்த படங்கள் உலகம் முழுக்கப் போயிருந்தன. திரைப்படக் கல்லூரிகளில் அவரைப் பற்றிப் பாடம் நடந்தது. அவர் பேசாமல் உட்கார்ந்திருந்தால்கூட அதற்கு ஓர் அர்த்தம் உண்டு என்று நம்புகிற கூட்டம் ஒன்று இருந்தது.

நீண்ட இடைவெளிக்குப் பிறகு இப்போது ஒரு படம் எடுத்திருந்தார். மரக்காணம் பக்கத்து உப்பளத்தில் நடக்கிற கதை. வெளிநாட்டில் ஒரு பெரிய திரைப்பட விழா அதை நிறைவு நாள் படமாகத் தேர்ந்தெடுத்திருந்தது. அதே மேடையில் அவருக்கு வாழ்நாள் சாதனை விருதும் உண்டு.

அரசியம்மா ஒரு காலத்தில் வெறும் மங்கையர்க்கரசி. பூவராகனுடைய முதல் மூன்று படங்களில் உதவி இயக்குநர். பிறகு சினிமாவை விட்டுவிட்டு, எங்கெங்கோ போய், யார் யாரிடமோ உட்கார்ந்து, கடைசியில் ஜவ்வாது மலையில் ஒரு தியான வீடு போட்டுக்கொண்டு தங்கிவிட்டார். சும்மா உட்கார வருகிறவர்கள் உட்காரலாம். யாரும் எதுவும் கேட்கமாட்டார்கள்.

பூவராகன் டாக்டர்களைப் பார்த்து, மாத்திரைகளை விழுங்கி, கடைசியில் யாரோ சொல்லி மலையேறி வந்திருந்தார். தன் பின்னால் "சார் சார்" என்று ஓடிய பெண்ணை இப்போது எப்படிக் கூப்பிடுவது என்று வழியெல்லாம் யோசித்தார். ஒன்றும் பிடிபடாமல், எப்படியும் கூப்பிடாமலே பேச்சைத் தொடங்கிவிட்டார்.

"படத்தைக் கொண்டாந்திருக்கீங்களா சார்?" என்றார் அரசியம்மா.

கொண்டுவந்திருந்தார்.

கூடத்து ஜன்னல்களைச் சாத்தி, லேப்டாப்பை ஒரு முக்காலிமேல் வைத்தார்கள். அரசியம்மா தரையில் உட்கார்ந்து பார்த்தார். பூவராகன் பின்னால் உட்கார்ந்து அவருடைய பின்தலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இதே படத்தைப் பார்த்துவிட்டுத் தயாரிப்பாளர் இளங்கீரன் கண்ணைத் துடைத்துக்கொண்டார். ஒரு விமர்சகர் பூவராகனின் கையைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் விடவில்லை. மகள் தேன்மொழி, அப்பா எடுத்ததிலேயே இதுதான் உசத்தி என்று கட்டிக்கொண்டாள். ஒவ்வொரு பாராட்டுக்கும் அவருடைய தூக்கம் இன்னும் கொஞ்சம் குறைந்தது. அதை யாரிடமும் அவர் சொல்லவில்லை.

படம் முடிந்தது.

அரசியம்மா எழுந்து ஜன்னல்களைத் திறந்தார். சமையலறைக்குப் போனார்.

தட்டில் சாமைச் சோறும் ரசமும் வந்தன. பூவராகன் சோற்றில் கையை வைத்தார். எடுக்கவில்லை.

"எப்படி இருந்துச்சு?"

"நல்லா இல்ல சார்."

வெளியே யாரோ கிணற்றில் வாளியை இறக்கினார்கள். உருளை கிறீச்சிடுவது நின்று, வாளி தண்ணீரைத் தொடும் வரைக்கும் பூவராகன் அசையவில்லை.

பிறகு ஒரு கவளம் எடுத்து வாயில் வைத்தார். இன்னொன்று. தட்டு காலியாயிற்று.

"ரசம் இன்னும் இருக்கா?" என்றார்.

இருந்தது.

சாப்பிட்டுக் கை கழுவியவர், அந்த ஈரம் காய்வதற்குள் கூடத்தின் ஓரத்தில் கிடந்த பாயில் சாய்ந்தார். மறுநாள் பொழுது விடிந்தும் எழுந்திருக்கவில்லை. தியானத்துக்கு வந்தவர்கள் அவருடைய குறட்டைக்கு நடுவில் உட்கார்ந்துவிட்டுப் போனார்கள்.

எழுந்ததும்தான் கோபம் வந்தது.

அரசியம்மா வெளியே பாத்திரம் விளக்கிக்கொண்டிருந்தார். பூவராகன் நேரே போய் நின்றார்.

"எது நல்லா இல்ல?"

"தெரியல சார்."

"தெரியாம எப்படிச் சொன்ன?"

'நீ' திரும்பி வந்துவிட்டதை அவரே கவனிக்கவில்லை.

"நீங்க கேட்டீங்க."

அரசியம்மா அடுத்த பாத்திரத்தை எடுத்தார். பூவராகன் அங்கேயும் இங்கேயும் நடந்தார். பிறகு தானே சொல்ல ஆரம்பித்தார்.

முதல் காட்சி அவ்வளவு நீளமாக இருக்கக் காரணமே கிடையாது என்றார். தன்னிடம் நீளமான காட்சியை எதிர்பார்ப்பார்கள் என்பதற்காக வைத்தது. கிழவர் உப்புமேல் தனியாக நடந்து போவது தன்னுடைய பழைய படத்தில் தானே எடுத்தது, அப்போது மணல், இப்போது உப்பு. எல்லோரும் மெய்மறந்து பேசுகிற அந்த மௌனம் இருக்கிறதே, அந்த இடத்தில் பாத்திரங்கள் என்ன பேசுவார்கள் என்று தனக்குத் தெரியவில்லை. அதனால் அவர்களைப் பேசவைக்காமல் விட்டுவிட்டார். அவ்வளவுதான்.

சொல்லச் சொல்லக் குரல் ஏறியது. கைகள் காற்றில் காட்சிகளைப் பிடித்துப் பிடித்துத் தூர எறிந்தன. அரசியம்மா பாத்திரங்களை வெயிலில் கவிழ்த்துவிட்டு வந்து உட்கார்ந்து கேட்டார். படப்பிடிப்புகளில் இந்தக் குரலை அவர் கேட்டிருக்கிறார்.

"ஒரே ஒரு இடம்," என்று நின்றார் பூவராகன்.

உப்பளத்தில் வேலை செய்கிற இரண்டு பெண்கள். சாப்பாட்டு நேரம். ஒருத்தியின் மகளை இன்ன வீட்டில் கொடுக்கலாமா கூடாதா என்று அவர்களுக்குள் சண்டை. கேமரா ஓடுவது இருவருக்கும் தெரியாது. சண்டை முற்றி, ஒருத்தி என்னவோ சொல்லப்போக, மற்றவள் சிரித்த சிரிப்பில் தூக்குப் போணிக் கஞ்சி மடியில் கொட்டியது. பிறகு போட்டுக் காட்டியபோது வெட்கப்பட்டார்கள், ஆனால் வைத்துக்கொள்ளச் சொல்லிவிட்டார்கள்.

"அது மட்டும்தான் உயிரோட இருக்கு."

"அப்ப நீங்க என்ன செஞ்சிட்டிருந்தீங்க சார்?"

பூவராகன் யோசித்தார்.

"ஒண்ணும் செய்யல. பாத்துட்டிருந்தேன்."

அரசியம்மா எழுந்து உள்ளே போய்விட்டார்.

மலையில் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் நின்றால்தான் போனில் சிக்னல் வரும். பூவராகன் அங்கே போய் நின்று இளங்கீரனை அழைத்தார். படத்தை விழாவிலிருந்து எடுத்துவிடலாம், இது வெளியே போக வேண்டாம் என்று சொல்லிவிட்டு, வசவுக்குத் தயாராகக் காத்திருந்தார்.



"சார், தப்பா நினைக்காதீங்க. எனக்கும் அப்படித்தான் தோணுச்சு. சொல்ல வாய் வரல."

"பாத்துட்டு அழுதியேப்பா?"

"பயத்துல அழுதேன் சார்."

பூவராகன் தொட்டிச் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அந்தப் பக்கம் இளங்கீரனும் சிரித்தார். தன் மூன்று வருட உழைப்பு வீணாகப் போன மனிதர் அப்படிச் சிரிப்பதைப் பூவராகன் அதற்கு முன் கேட்டதில்லை.

அடுத்து மகளை அழைத்தார். முழுவதையும் கேட்டுவிட்டு, நேற்றுத் தூங்கினீர்களா அப்பா என்று மட்டும் கேட்டாள். தூங்கினேன் என்றார். அதற்குத்தான் அழுதாள்.

விழாக்காரர்கள் வருத்தம் தெரிவித்து எழுதினார்கள். அவருக்கு உடம்பு சரியில்லை என்று ஒரு பத்திரிகை போட்டது. உடம்பு இவ்வளவு நன்றாக இருந்து அவருக்கு வெகுகாலம் ஆகியிருந்தது.

இன்னும் சில நாள் இருந்தார். கண்ணை மூடி உட்காரச் சொன்னால் தூங்கினார். அரசியம்மா எழுப்பவில்லை.

கிளம்புகிற அன்று மகள் கார் அனுப்புகிறேன் என்றாள். வேண்டாம், பஸ்ஸிலேயே வருகிறேன் என்றுவிட்டார். அரசியம்மா நிறுத்தம் வரைக்கும் கூட வந்தார். போளூர் போகிற பஸ் வளைவில் தெரிந்தபோது பூவராகன் தொண்டையைச் செருமிக்கொண்டார். இதைக் கேட்கத்தான் மலையேறி வந்தோம் என்பது அவருக்கு அப்போதுதான் உறைத்தது.

"அரசி, நான் இனிமே படம் எடுக்கலாமா?"

பஸ் வந்து நின்றது.

முன்பக்கத்து ஜன்னல் ஓரத்தில் ஒரு பெண் மடியில் பெரிய பலாப்பழத்தோடு உட்கார்ந்திருந்தாள். அதற்குத் தனியாக லக்கேஜ் டிக்கெட் எடு என்று கண்டக்டர் நின்றுகொண்டிருந்தார். புள்ளையை மடியில் வைத்தால் டிக்கெட் கேட்பாயா என்றாள் அவள். புள்ளைக்கு முள் இருக்காது என்றார் கண்டக்டர். நீ என் புள்ளையைப் பார்த்ததில்லையே என்றாள். பக்கத்து ஸீட்டில் இருந்த பெரியவர் முள் குத்தாமல் காலை ஒடுக்கிக்கொண்டார். கண்டக்டருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதை அவளுக்குக் காட்டக்கூடாது என்று விசிலை வாயில் வைத்து அழுத்திக்கொண்டு, டிக்கெட் கட்டைப் புரட்டுகிறாற்போல் தலையைக் குனிந்துகொண்டார். சிரிப்பு வாயில் நிற்காமல் தோளில் குலுங்கியது. அவளுக்கும் அது தெரிந்துவிட்டது. முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டு, பழத்தை மெதுவாக ஒரு தட்டுத் தட்டினாள்.

இதையே பார்த்துக்கொண்டு நின்ற பூவராகன் திரும்பியபோது அரசியம்மா பாதி மேடு ஏறியிருந்தார்.

பதில் சொன்னாரா, சொல்லவில்லையா, தெரியவில்லை.

"ஐயா, ஏறுறீங்களா இல்லையா?" என்றார் கண்டக்டர்.

ஏறினார். உள்ளே வேறு இடங்களும் காலியாகத்தான் இருந்தன. பூவராகன் பலாப்பழத்துக்குப் பக்கத்தில் இருந்தவரைக் கொஞ்சம் நகர்ந்துகொள்ளச் சொன்னார்.