நான்கு கற்களும் ஐந்தாம் பூவும்

கேளுங்கள், நல்லோரே. மலைகள் ஒன்றோடொன்று பேசிக்கொண்டிருந்த பழங்காலத்தில் மஞ்சுநாடு என்றொரு நாடு இருந்தது. அங்கே மூடுபனி விலகியதே இல்லை. சூரியனையும் சந்திரனையும் கண்டறியாத அந்நாட்டாருக்கு மாதம் பிறப்பதைச் சொன்னவை ஐந்து மாயச் செடிகள். பாடும் பூ மலர்ந்தால் முதல் மாதம். பால் சொரியும் பூ மலர்ந்தால் இரண்டாம் மாதம். அமுதப் பூவுக்கு மூன்றாவது, நிழற்பூவுக்கு நான்காவது. புகையின்றித் தணலாய் எரியும் கனற்பூ மலர்ந்தால் ஆண்டின் கடைசி மாதம்.

அச்செடிகளைக் காத்தவள் எயினி. பூ மலரக் கண்டதும் மும்முறை சங்கு ஊதுவாள். ஆண்டுதோறும் புதிதாய் வெறுமையாக்கும் மண்குடத்தில் ஒரு கல் இடுவாள். கற்களை எண்ணி, இவ்வாண்டின் எத்தனையாம் பூ மலர்ந்தது என்று அரசனிடம் அறிவிப்பாள். கண்ட பூவுக்குக் கல் உண்டு. காணாத பூவுக்கு இல்லை. அது அவள் முன்னோர் வகுத்த நெறி.

அவ்வாண்டு எயினியின் தம்பி தத்தன் என்னும் மருத்துவன், பாம்பு கடித்த இடைச்சி ஒருத்தியைக் காக்க அமுதச் செடியின் ஒரே மொட்டைக் கிள்ளினான். இடைச்சி பிழைத்தாள், மூன்றாம் மாதம் பிறக்கவில்லை. அந்நாட்டில் அதற்கு மாதக் கொலை என்று பெயர்.

“இவ்வாண்டின் ஐந்தாம் பூ மலரும் நாளில் இவன் தலை விழும்” என்று அரசன் தீர்ப்புரைத்தான்.

நிழற்பூ மலர்ந்து உதிர்ந்தது. கனற்பூவின் மொட்டு நாளுக்கு நாள் சிவந்தது. அது மலரும் நாளிலேயே மலைவெள்ளம் இறங்கும். சங்கொலி கேட்டுப் பெரிய ஏரியின் மதகைத் திறக்காவிட்டால் கரை உடையும். கரை உடைந்தால் கீழிருக்கும் மூன்று ஊர்கள் அழியும்.

“என்ன எயினி, இம்முறை உன் சங்குக்குத் தொண்டை கட்டிக்கொள்ளுமோ?” என்று அமைச்சர் நகைத்தார். அவள் சிறைக்குச் சென்று தம்பியைக் கண்டாள்.

“அக்கா, ஓர் உயிருக்காக ஒரு மொட்டைக் கிள்ளினேன். என் ஓர் உயிருக்காக நீ மூன்று ஊர்களை மூழ்கடித்துவிடாதே” என்றான் அவன்.

மறுநாள் நண்பகலில், எயினியின் கண்ணெதிரே, கனற்பூ இதழ் விரித்தது. அருகில் எவரும் இல்லை. ஒரு மண்சட்டியைக் கவிழ்த்தால் மறைந்துவிடும் பூ. அவள் சங்கை எடுத்தாள், கீழே வைத்தாள். மீண்டும் எடுத்தாள், மீண்டும் வைத்தாள். மலைப்பக்கம் நீர் உறுமும் ஓசை கேட்டது. மூன்றாம் முறை எடுத்தாள். கண்ணீர் சங்கின் வாயை நனைக்க, ஊதினாள். ஊதினாள். ஊதினாள்.

மதகு திறந்தது. வெள்ளம் வாய்க்கால் வழியே சென்றது. மூன்று ஊர்களும் தப்பின. தத்தனைக் கொலைக்களத்துக்கு இழுத்துச் சென்றார்கள்.

நெஞ்சு நொறுங்கினாலும் நெறி வழுவாதவள், குடத்தில் கல்லை இட்டு எண்ணினாள். திகைத்து மறுபடி எண்ணினாள். பிறகு குடத்தை அணைத்துக்கொண்டு ஓடினாள்.

வாள் உயர்ந்திருந்தது. எயினி அரசன் காலடியில் குடத்தைக் கவிழ்த்தாள். உருண்டவை நான்கே கற்கள்.

“அரசே, இவ்வாண்டின் நான்காம் பூ மலர்ந்தது.”

“கனற்பூ ஐந்தாவதல்லவா?” என்று சீறினார் அமைச்சர்.

“மூன்றாம் மாதத்தை என் தம்பி கொன்றது மெய்யானால், இது நான்காம் பூ, இவ்வாண்டுக்கு ஐந்தாம் பூவே இல்லை. இது ஐந்தாம் பூவானால், மூன்றாம் மாதம் சாகவில்லை. அவன் எதையும் கொல்லவில்லை. எது மெய் என்று தாங்களே கூறுங்கள்.”

அரசன் கற்களை நெடுநேரம் நோக்கினான்.

“இன்று இவள் சங்கு ஊதாதிருந்தால் இச்சொல்லை நான் சூழ்ச்சி என்பேன். ஊதிவிட்டு வந்தவளின் கணக்கு பொய்க்காது” என்றான். வாள் தாழ்ந்தது. “தத்தா, உன் தலை விழுந்தால் அமுதச் செடி துளிர்க்குமா? வாழ்நாளெல்லாம் அதற்கு நீர் ஊற்று.”

அடுத்த ஆண்டு அமுதச் செடியில் மொட்டுகள் இரண்டு அரும்பின. ஒன்று மாதத்துக்கு, மற்றொன்று மருந்துக்கு.

ஆகவே நல்லோரே, தன் நெஞ்சே பிளந்தாலும் கண்டதை மறைக்காதவருக்கு, அவர் காத்த மெய்யே காவலாய் வந்து நிற்கும்.