தனுஷ்கோடியின் ரெக்கார்டு

பாளையங்கோட்டையில் ஒரு ஜவுளிக்கடைக்கு தனுஷ்கோடி மேனேஜர். கடை ஆட்களின் மெசேஜ் குரூப்பில் பந்து தட்டும் கேம் ஒன்றை அவர்தான் சேர்த்துவிட்டார். எல்லாரும் ஆட வேண்டும். அவரை மட்டும் யாரும் ஜெயித்துவிடக் கூடாது.

சேலைப் பிரிவில் நிற்கும் பேச்சித்தாய் ஒரு மத்தியானம் அதே குரூப்பில் கேட்டாள்: "அப்பாவுக்கு மூச்சுத் திணறுது சார். வீட்டுக்குப் போகட்டுமா?"

பதில் இல்லை. உத்தரவில்லாமல் போனால் வேலை போகும். போனைப் பார்த்துக்கொண்டே நின்றவள், கடைசியில் கேட்காமலே ஓடினாள். அதற்குள் அப்பா போய்விட்டார்.

காரியம் முடிந்து வந்தவளை, உத்தரவில்லாமல் போனதற்காக முதலாளி அண்ணாச்சி முன்னால் நிறுத்தினார் தனுஷ்கோடி. "இவ கேட்ட நேரம் நான் குடோன்ல சரக்குப் பார்த்துட்டிருந்தேன் அண்ணாச்சி. போனையே தொடலை. தொட்டேன்னு நிரூபிச்சா இவ வேலையில இருக்கட்டும்."

"சார் சொன்னா சரியாத்தான் இருக்கும்," என்றாள் பேச்சித்தாய். "போறதுக்கு முன்னால ஒண்ணு. கேம்ல சார் போட்ட ரெக்கார்டை எங்க யாராலயும் தாண்ட முடியலை. அண்ணாச்சி ஒரு தடவை பார்க்கணும்."

தனுஷ்கோடி மீசையைத் தடவிக்கொண்டார்.

அண்ணாச்சி தன் போனில் குரூப்பைத் திறந்தார். பேச்சித்தாய் கேட்டதற்கு நேர் கீழே, அடுத்த நிமிஷமே கேம் தானாகவே அறிவித்திருந்தது: 'தனுஷ்கோடி ஆடினார்.' அடுத்து, 'தனுஷ்கோடி மறுபடியும் ஆடினார்.' அதற்கும் கீழே, 'தனுஷ்கோடி புதிய ரெக்கார்டு.'

தனுஷ்கோடியின் கை அவசரமாகச் சட்டைப்பையிலிருந்த போனுக்குப் போனது.

"அழிச்சிராதீங்க சார்," என்றாள் பேச்சித்தாய். "எங்கப்பா உசுரு போன நேரம் அதுலதான் இருக்கு."