கொக்கை மெம்பராக்கிய நண்டுகள்

கோரைக்குளத்து மெம்பர் எருமை ஒரு நாள் சேற்றில் படுத்தபடியே செத்துப்போனது. வனசபையில் அது வாய் திறந்ததே கிடையாது. அதனால் செத்த சேதி சபைக்குத் தெரியவே ஒரு மாசம் ஆயிற்று. உடனே இடைத்தேர்தல் என்று காக்கை தமுக்கடித்தது.

நின்றவர்கள் இருவர். தொப்பையப்பன் என்ற தவளை, நெடுங்காலன் என்ற கொக்கு. தவளைக் குடும்பத்தைத் தவிர்த்தால் ஓட்டெல்லாம் நண்டுகளுடையதே. ஜெயித்தவர் வைத்ததுதான் குளத்தில் சட்டம்.

செவலை என்ற நண்டுக்கு அடிவயிறு நிறையக் குஞ்சுகள். கொக்கு வந்தால் அத்தனையும் அதற்குப் பலகாரம்! "தவளை அண்ணனுக்கே போடுங்கடி!" என்று வளைக்கு வளை சொல்லி வந்தாள்.

ஆளுக்கொரு பானை, பிடித்தவர் பானையில் ஒரு கூழாங்கல் போடவேண்டும். கொக்கு பணிவாகத் தலை குனிந்தது. "பெரியவர் பானை வளைகளுக்கு நேர் எதிரே இருக்கட்டும். எனக்கு வளைகளின் வலப்பக்கத்து ஓரம் போதும்!"

தவளைக்குத் தொண்டை உப்பிவிட்டது. "கேட்டுக்கொள்ளுங்கள்! என் பானையை விட்டுக் கண்ணை எடுக்கக் கூடாது. அக்கம்பக்கம் பார்க்கக் கூடாது. நடந்துகொண்டே இருங்கள், பானை முட்டினால் கல்லைப் போடுங்கள்!"

தவளை என்ன கண்டது? பார்த்த பக்கமே தாவிப் பழகிய பிராணி.

செவலை கல்லை இடுக்கிக்கொண்டு, தவளையின் பானைமேலேயே கண்ணை நட்டு நடந்தாள். 'பானை ஏன் கிட்டே வரமாட்டேன் என்கிறது?' என்று ஒரு சந்தேகம். ஆனாலும் உத்தரவு உத்தரவுதானே! திரும்பிப் பார்க்கவில்லை. பானை முட்டியது. கல்லைப் போட்டாள். மற்ற நண்டுகளும் அப்படியே.

காக்கை பானைகளைக் கவிழ்த்தது. கொக்கின் பானையிலிருந்து கல் கொட்டோ கொட்டென்று கொட்டியது. தவளையின் பானையில் இரண்டே கல். ஒன்று அது போட்டது, மற்றது அதன் பெண்டாட்டி போட்டது.

"நீ யாருக்குப் போட்டாய்?" என்று நண்டுகள் ஒன்றையொன்று கேட்டுக்கொண்டன.

"தவளைக்குத்தான்! நீ?"

"நானும்தான்!"

"அப்புறம் கொக்குக்கு எவன்தான் போட்டான்?"

ஒருவருக்கும் ஒன்றும் விளங்கவில்லை. "துரோகிகளே!" என்று தவளை தண்ணீருக்குள் குதித்தது.

தலை சுற்ற வளைக்குத் திரும்பினாள் செவலை. வாசலிலேயே புது மெம்பர்!

"வாங்க அக்கா! கண்ணை மட்டும் காவல் காத்தீர்களே, கால் எந்தப் பக்கம் போகிறது என்று ஒரு தரம் பார்த்தீர்களா?" என்று கொக்கு கெக்கலித்தது.

அப்போதுதான் செவலைக்கு உறைத்தது. நண்டுக்குக் கால் என்றைக்கு நேரே போயிருக்கிறது!

பக்கத்தில் ஒரு பாறைப்பொந்து. அவள் அதைப் பார்க்கவே இல்லை. கொக்கின் மூஞ்சியையே பார்த்தாள். "உங்களைப் பார்த்தபடியே வருகிறேன், மெம்பர் ஐயா!"

கொக்கு வாயைப் பிளந்துகொண்டு காத்திருந்தது. செவலை சரசரவென்று பக்கவாட்டில் நடந்து, குஞ்சுகளோடு பொந்துக்குள் விழுந்தாள். மெம்பர் பாய்ந்த வேகத்தில் அலகு பாறையில் மோதி வளைந்தேபோனது. அதன் வம்சத்தைத்தான் இன்றும் அரிவாள்மூக்கன் என்கிறார்கள். நம்பாதவர் குளத்தில் போய்ப் பார்த்துக்கொள்ளலாம்.

வழி சொல்பவர் எவராயினும் நடக்கிற கால் உன்னுடையது, அது போகிற பக்கத்தை நீதான் பார்த்துக்கொள்ள வேண்டும்.