பாவாயி போட்ட கொக்கி

நாமக்கல் பக்கம் கோழிப்பண்ணை வைத்திருந்தார் சென்னியப்பன். வாயைத் திறந்தால் நியாயம், தர்மம்தான் பேசுவார். பண்ணை வேலியை ஒட்டிக் குடிசை போட்டிருந்தாள் விளக்குமாறு விற்கும் பாவாயி. அவள் கொக்கி போட்டுக் கரண்ட் திருடுகிறாள் என்று புகார் கொடுத்து, கோர்ட்டு வரைக்கும் இழுத்துவிட்டார். ஒயர் அவள் கூரை மேல்தான் போகிறது. சாட்சிக் கூண்டிலும் அவரே ஏறி நின்றார்.

"கொக்கி உன்னுதாம்மா?" என்று கேட்டார் நீதிபதி.

"பெரியவரே சொல்றாருங்க, என்னுதாத்தான் இருக்கும். இப்பவே அதை அவுத்துப்போடச் சொல்லிருங்க சாமி."

சரி என்றார் நீதிபதி. கோர்ட்டுக்கு வந்திருந்த மின்வாரிய அதிகாரி, கொக்கி தொங்கும் கம்பத்தடியில் நிறுத்தியிருந்த லைன்மேனுக்குப் போன் போட்டார்.

சென்னியப்பனுக்கு வியர்த்துவிட்டது. "ஐயா, கொஞ்சம் பொறுங்க. நேத்துதான் பண்ணையில குஞ்சு இறக்கியிருக்கேன். இந்த மார்கழிப் பனியில சூட்டு பல்பு அணைஞ்சா அத்தனையும் செத்துப்போகும்."

சொல்லி முடித்த பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவருக்கே உறைத்தது.

பாவாயி கைகூப்பினாள். "அவுக்க வேண்டாங்க சாமி, குஞ்சுக பாவம். கேஸுல பேரை மட்டும் மாத்திக்குங்க."