முப்பதாவது நாழிகையாள்

“ஒளிச்சு வைச்சிருக்கிறவளை எப்போ வெளியே விடப் போறீங்க?” என்று கேட்டார் தாண்டவராயர்.

குரு உமையாள் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நிமிரவில்லை. குருவுக்கு வயது முப்பத்தைந்து. சீடருக்கு அறுபத்தொன்று.

“யாரை ஐயா?”

“நாழிகையாள் ஒருத்தியை. பகல்ல முப்பது பேர் உள்ளே வர்றாங்க. இருபத்தொன்பது பேர்தான் வெளியே போறாங்க. பத்து நாளா எண்ணிட்டேன்.”

“எண்ண வேற செஞ்சீங்களா?”

“முப்பது வருஷம் சுங்கச்சாவடியில மூட்டை பிரிச்சவன் அம்மா. எண்ணாம என்னால இருக்க முடியாது.”

அவர்கள் இருந்த மலை மடத்தில் காலத்தைப் பற்றிச் சொல்லப்படும் கதை இது.

ஆதியில் காலம் ஒரே பெண்ணாக இருந்தாள். நின்ற இடத்தைவிட்டு அவள் நகரவில்லை. அதனால் பூ காயாகவில்லை. புண்ணும் ஆறவில்லை. படைத்தவன் அவளை அறுபது பேராகப் பிரித்தான். ஆளுக்கு ஒரு நாழிகை. அடுத்தவள் வந்ததும் இருந்தவள் வெளியேற வேண்டும். போனவள் திரும்ப மாட்டாள். மறுநாள் வருகிற அறுபது பேரும் புதியவர்கள்.

அவர்கள் கண்ணுக்குத் தெரிவதில்லை. நாழிகை அளக்கும் ஓட்டை வட்டில் தண்ணீரில் மூழ்கும்போது கிழக்கு வாசலில் மணி அடிப்பார்கள். ஒருத்தி உள்ளே வந்துவிட்டாள் என்று அர்த்தம். மேற்கு வாசலில் நிற்பவர் கதவைத் திறந்து, இருந்தவளை அனுப்ப வேண்டும்.

அனுப்பும்போது “போங்க” என்று மட்டும்தான் சொல்ல வேண்டும். வீட்டில் எந்த விருந்தாளியிடமும் சொல்லக் கூசுகிற சொல். ஆனால் இவர்களிடம் “போய் வாங்க” என்று சொல்லிவிட்டால், சொன்ன சொல்லை மதித்து மறுநாளும் அவளே வந்து நிற்பாள்.

ஒரு வருடமாகப் பகல் முழுவதும் மேற்கு வாசல் தாண்டவராயர் பொறுப்பு. மணி கேட்டால் ஒரு சட்டியில் புளியங்கொட்டை போடுவார். “போங்க” என்று சொல்லும்போது இன்னொரு சட்டியில் ஒன்று. பொழுது சாய்ந்து பார்த்தால் ஒரு கொட்டை குறைந்தது.

“சரி, ஒருத்தியை நான் வைச்சிருக்கேன்னே வைச்சுக்குவோம். உங்களுக்கு என்ன வேணும்?” என்றாள் உமையாள்.

“பிடிச்சு வைக்கத் தெரிஞ்சவங்களுக்குக் கூப்பிடவும் தெரியும். எனக்கு ஒரே ஒரு நாழிகை திரும்ப வேணும்.”

“எது?”



“என் மக செங்கமலம் வீட்டைவிட்டுப் போன நாழிகை. விளக்கு வைக்கிற நேரம். தனக்குப் பிடிச்சவனோட போறேன்னு சொல்லிட்டுத்தான் கிளம்பினா. நான் வாசல்ல மறிச்சு அவ மூட்டையைப் பிரிச்சேன்.”

“ஏன்?”

“நகையை எடுத்துட்டுப் போறாளோன்னு சந்தேகம்.”

“இருந்துச்சா?”

“நாலு சேலை. ஒரு சீப்பு. நான் ஒவ்வொண்ணா உதறி எண்ணி முடிக்கிற வரைக்கும் நின்னா. அப்புறம் ஒரு வார்த்தை பேசாம போயிட்டா.”

“இப்போ எங்கே?”

“ஆத்துக்கு அக்கரையில. ஒரு பகல் நடைதான்.”

“போய்ப் பார்க்கிறதுதானே?”

“அந்த நாழிகை மாறாம எந்த மூஞ்சியோட போறது?”

உமையாள் கீரைக்காம்பை ஒதுக்கினாள். “இன்னிக்குச் சாயங்காலம் மருதாயி உங்க பக்கத்துல நிப்பா.”

மருதாயி மடைப்பள்ளியில் சமைப்பவள். கரண்டியோடு வந்து நின்றாள்.

முப்பதாவது நாழிகை முடிந்தது. மணி அடித்தது. தாண்டவராயர் கதவைத் திறந்தார், மூடினார்.

“இப்போ என்ன சொன்னீங்க?” என்றாள் மருதாயி.

“போங்கன்னு சொன்னேன்.”

“நல்லாச் சொன்னீங்க. ஒரு வருஷமா அடுப்படியில இருந்து கேட்டுக்கிட்டுத்தான் இருக்கேன். மத்தவளுகளை எல்லாம் ஆடு மாட்டை ஓட்டுற மாதிரி ஓட்டுறீங்க. விளக்கு வைக்கிற நேரத்துல மட்டும், பொண்ணைப் புருஷன் வீட்டுக்கு அனுப்புற மாதிரி ‘போய் வாம்மா, போய் வா’ங்கிறீங்க.”

“பொய்.”

“சட்டியைப் பாருங்க.”

இருபத்தொன்பது.

“ரெண்டு பேரும் பேசி வைச்சுக்கிட்டீங்க. ஒரு கொட்டையை நீயே எடுத்திருப்பே” என்றார்.

“புளியங்கொட்டையைத் திருடி நான் என்ன பண்ண, மாளிகையா கட்டப் போறேன்?” மருதாயி கரண்டியை ஆட்டிக்கொண்டு போய்விட்டாள்.

மறுநாள் தாண்டவராயர் யாரையும் பக்கத்தில் வரவிடவில்லை. சட்டியை மடியில் வைத்துக்கொண்டார். இருபத்தொன்பது முறையும் தன் குரலைத் தானே கேட்டார். முப்பதாவது மணிக்குக் கதவைத் திறந்தார். வெளியே வெளிச்சம் மங்கிக்கொண்டிருந்தது.

“போய் வாம்மா.”

கொட்டை அவர் விரலிடுக்கிலேயே இருந்தது.

நேராக உமையாளிடம் போனார்.

“உங்களுக்கு இது எப்போ தெரியும்?”

“முதல் நாளே.”

“ஏன் சொல்லலை?”

“சொல்லியிருந்தா யாரைச் சந்தேகப்பட்டிருப்பீங்க?”

அவர் விரலிடுக்கிலிருந்த கொட்டையைப் பார்த்தார்.

“நீங்க கேட்ட நாழிகை ஒரு வருஷமா உங்ககிட்டதான் வந்துக்கிட்டிருக்கு. தினமும் அதே வாசல். வந்தவளை என்ன செஞ்சீங்க?”



“எண்ணினேன்.”

அதற்கடுத்த நாள் அந்திக்கு மணி ஓய்ந்தும் மேற்கு வாசலில் சத்தமில்லை. மருதாயி அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள். தாண்டவராயர் இரண்டு கையாலும் கதவைப் பிடித்தபடி நின்றிருந்தார்.

“போங்க” என்றார். பிறகு யாரும் கேட்காமலே இன்னொரு தடவை சொன்னார்.

கதவை மூடவில்லை. சட்டியையும் பார்க்கவில்லை.

விடியும்போது உமையாள் முன் வந்து நின்றார். காலில் செருப்பு இருந்தது.

“ஆத்துல தண்ணி எவ்வளவு?”

“முழங்கால் அளவு.”

“நான் போனா அவ கதவைத் திறப்பாளா?”

உமையாள் கிழக்கு வாசலைப் பார்த்தாள். முதல் மணி இன்னும் அடிக்கவில்லை.

“இன்னிக்கு வரப்போற அறுபது பேரும் புதுசு ஐயா. எனக்கும் அவங்களைப் பழக்கமில்லை.”