பெட்டிக்குள் உட்கார்ந்தவர்

"மேடம், இந்தப் பெட்டியில என்னதாங்க குறை? அதையாவது சொல்லிருங்க."

கேட்டவர் திருமூர்த்தி. வயது நாற்பத்தாறு. பதில் சொல்ல வேண்டிய ஆசிரியை பல்கீஸ் மேடத்துக்கு முப்பத்து மூன்று.

பம்ப்செட் கம்பெனியில் இருந்த நல்ல வேலையை விட்டுவிட்டு, கோயம்புத்தூரில் ஒரு டிசைன் கல்லூரியில் வந்து சேர்ந்தவர் திருமூர்த்தி. ஆளோடு பேசும் பொருள்கள், தானாக யோசிக்கும் பொருள்கள், இவற்றையெல்லாம் எப்படி உருவாக்குவது என்று கற்றுத்தரும் படிப்பு. வகுப்பில் மற்ற எல்லாருக்கும் அவர் மகன் வயது. அங்கிள் என்று கூப்பிட்டார்கள். அதைக்கூடப் பொறுத்துக்கொண்டார். மேடம் வாயைத் திறக்காமல் இருப்பதைத்தான் அவரால் பொறுக்க முடியவில்லை.

பெட்டி மேஜைமேல் இருந்தது. சும்மா சொல்லக் கூடாது, அழகான பெட்டி. தேக்கு மரத்தில் இழைத்து, மூலைகளை உருட்டி, தொட்டால் கை வழுக்கிக்கொண்டு போகும்.

தனியாக இருக்கும் வயசாளிகளுக்காகச் செய்தது. வேளாவேளைக்குச் சாப்பிட்டீங்களா என்று கேட்கும். மாத்திரை போட்டீங்களா என்று கேட்கும். ஆச்சு என்றால் பச்சை விளக்கு எரியும். அதே பச்சை, வெளியூரில் இருக்கும் மகனின் செல்போனிலும் விழும். ஆகவில்லை என்றாலும், பதிலே இல்லை என்றாலும் சிவப்பு.

அந்த மகன் வேறு யாருமில்லை, திருமூர்த்திதான். அவருடைய அப்பா நாச்சிமுத்து கோபியில் தனியாக இருந்தார். போன மாதம் பஸ் ஸ்டாப்பில் மயங்கி விழுந்துவிட்டார். பிரஷர். சாப்பிட்ட கையோடு மாத்திரை, ஒரு வேளை தவறக் கூடாது என்று டாக்டர் கறாராகச் சொல்லிவிட்டார். இன்னொரு தடவை விழுந்தால் என்ன ஆகுமோ என்று அன்றிலிருந்து திருமூர்த்திக்கு ஓயாத பயம்.

வெள்ளிக்கிழமை பெட்டியைத் தேர்வுக் குழுவின் முன்னால் வைக்க வேண்டும். சனிக்கிழமை அதைக் கோபிக்குக் கொண்டுபோய் அப்பா வீட்டில் மாட்டிவிட வேண்டும். நடுவில் மேடம் ஒரு சரி சொல்ல வேண்டும். அது மட்டும்தான் பாக்கி.

பல்கீஸ் பையிலிருந்து டிபன் பாக்ஸை எடுத்து மேஜைமேல் வைத்தார்.

அந்த நேரம் பார்த்துப் பெட்டி பேசியது. "வணக்கம். சாப்பிட்டீங்களா?"

"ஆச்சு," என்றார் பல்கீஸ்.

பச்சை எரிந்தது.

பிறகு டிபன் பாக்ஸைத் திறந்தார். புளிசாதம். நிதானமாகச் சாப்பிட ஆரம்பித்தார்.

"பாத்தீங்களா மேடம்! சத்தமே போடாமச் சொன்னீங்க. ஒரே தடவையில புரிஞ்சுக்கிச்சு!" என்றார் திருமூர்த்தி.

பல்கீஸ் அவரை ஒரு பார்வை பார்த்தார். அப்பளத்தை ஒடித்து வாயில் போட்டுக்கொண்டார்.

"உள்ள என்ன வச்சிருக்கீங்க?"

"சிப்பு, மைக்கு, சின்ன ஸ்பீக்கர்."

"ஸ்பீக்கர் இருக்கட்டும். மத்ததை வெளிய எடுத்துருங்க. நீங்க உள்ள போங்க."

"நானா?"

"நீங்கதான்."

அந்தப் படிப்பில் இது புது விஷயமில்லை. ஒரு பொருளைச் செய்வதற்கு முன்னால் ஒரு ஆள் மறைவில் உட்கார்ந்து அந்தப் பொருளாகவே நடிப்பார். எதிரே இருப்பவர் மெஷின் பேசுகிறது என்று நினைத்துக்கொண்டு பேசுவார். முதல் வருஷத்துப் பிள்ளைகள் சிரித்துச் சிரித்துச் செய்கிற வேலை அது.

திருமூர்த்திக்கு முகம் சுண்டிப்போனது. "அதெல்லாம் செய்யறதுக்கு முன்னாடி பண்றதுங்க மேடம். நான்தான் செஞ்சே முடிச்சுட்டேனே. முடிச்ச பொறவு எதுக்குங்க?"

"நீங்க மட்டும் வேலைக்கெல்லாம் போய் முடிச்ச பொறவு படிக்க வரலையா?"

 திருமூர்த்தி பெட்டியின் பின்மூடியைக் கழற்ற ஆரம்பித்தார்.

பல்கீஸ் கையைத் துடைத்துக்கொண்டே சொன்னார். "பெட்டிக்கு எது பேசத் தெரியுமோ அதை மட்டும் பேசுங்க. பெட்டி இருமாது. தும்மாது. எந்திரிச்சு வராது. வெள்ளிக்கிழமை இதை வைக்கலாமா வேண்டாமான்னு நான் சொல்ல மாட்டேன். வெளிய வர்றப்ப நீங்களே சொல்லுங்க."

மறுநாள் ஸ்டூடியோவின் ஒரு மூலையில் தெர்மாகோல் பலகையை நிறுத்தினார்கள். முன்பக்கம் மேஜை, மேஜைமேல் பெட்டி, அதற்கு எதிரே நாற்காலி. பலகைக்குப் பின்னால் ஸ்டூலில் திருமூர்த்தி. மடியில் ஆறு பொத்தான். ஒவ்வொரு பொத்தானுக்கும் ஒரு வாக்கியம், வகுப்பில் படிக்கும் ஒரு பெண்ணின் குரலில் பதிவு செய்தது. பச்சைக்கும் சிவப்புக்கும் தனித்தனி சுவிட்ச். பலகையில் விரல் அகலத்துக்கு ஒரு இடுக்கு.

அக்கம்பக்கத்துத் தெருக்களிலிருந்து பெரியவர்கள் வந்தார்கள். ஒவ்வொருவராக நாற்காலியில் உட்கார்ந்தார்கள்.

"சாப்பிட்டீங்களா?"

"ஆச்சு."

"மாத்திரை போட்டீங்களா?"

"ஆச்சு, ஆச்சு."

எல்லாம் பச்சை. ஒருத்தருக்குக்கூடச் சிவப்பு விழவில்லை. சாயங்காலம் திருமூர்த்தி இடுப்பைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தார். முகமெல்லாம் சிரிப்பு.

"பக்காவா இருக்குங்க மேடம்."

"உள்ள உங்களுக்கு எப்படி இருந்துச்சு?"

"எனக்கென்னங்க? நான் கேட்டேன், அவங்க சொன்னாங்க."

"நாளைக்கும் உக்காருங்க," என்றார் பல்கீஸ்.

இந்த அம்மா நம்மை வதைக்கிறதென்றே கங்கணம் கட்டிக்கொண்டிருக்கிறார் என்று நினைத்தார் திருமூர்த்தி. 

மறுநாள் வியாழக்கிழமை. அன்று அப்பாவுக்குக் கோயம்புத்தூர் ஆஸ்பத்திரியில் செக்கப். கூட வருகிறேன் என்று சொல்லியிருந்தார் திருமூர்த்தி. காலையில் போன் செய்து, "முடியலீங்ப்பா, நாளைக்குப் பரீட்சை மாதிரி ஒண்ணு," என்றார். "அதுக்கென்ன கண்ணு, நான் பாத்துக்கறேன். நீ சாப்பிட்டியா?" என்றார் அப்பா. "ஆச்சுங்ப்பா," என்று சொல்லிவிட்டு போனை வைத்தார். வைத்தவர் ஒரு டீயைக் குடித்துவிட்டு ஸ்டூடியோவுக்கு ஓடினார்.

மத்தியானம் இரண்டு மணி இருக்கும். அதுவரை வந்தவர்கள் எல்லாரும் பச்சை. திருமூர்த்திக்கு வயிறு கடமுடா என்றது. பெட்டிக்கு வயிறு கிடையாது என்பதால் அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

வெளியே வாசலில் ஒரு குரல் கேட்டது. "ஏனுங்க டீச்சர், திருமூர்த்திங்கறது இங்கதானுங்களா? நான் அவனோட அப்பனுங்க. ஆஸ்பத்திரிக்கு வந்தனுங்க. போன் போட்டா எடுக்க மாட்டேங்கறான்."

போன் சைலன்ட்டில் பைக்குள் கிடந்தது. திருமூர்த்தி எழுந்திருக்கப் போனார்.

"வருவாருங்க. உக்காருங்க," என்று பல்கீஸின் குரல் கேட்டது. பலகைக்கு இந்தப் பக்கமும் கேட்கிற மாதிரிக் கொஞ்சம் சத்தமாகவே சொன்னார். "இது உங்க பையன் செஞ்ச பெட்டிதாங்க. பேசும். அவர் வர்ற வரைக்கும் பேசிக்கிட்டிருங்க."

திருமூர்த்தி மறுபடி ஸ்டூலில் உட்கார்ந்தார்.

இடுக்கு வழியாக அப்பா தெரிந்தார். வெள்ளைச் சட்டை, தோளில் துண்டு, கையில் ஆஸ்பத்திரிப் பை. பெட்டியை மேலும் கீழும் பார்த்தார். துண்டின் நுனியால் அதன் தலையை ஒரு தடவு தடவினார்.

"என்ற பையனா செஞ்சான்? பரவால்லியே!"

ஆமாங்ப்பா என்று திருமூர்த்திக்குச் சொல்லத் தோன்றியது. ஆனால் பெட்டிக்கு அப்பா ஏது? முதல் பொத்தானை அழுத்தினார்.

"வணக்கம். சாப்பிட்டீங்களா?"

பெண் குரலைக் கேட்டதும் நாச்சிமுத்து நிமிர்ந்து உட்கார்ந்தார். "சாப்பிட்டேன் அம்மிணி. நீ சாப்பிட்டியா?"

திருமூர்த்தி மடியைப் பார்த்தார். ஆறு பொத்தான். கேள்வி கேட்கிற பொத்தான், நேரம் சொல்கிற பொத்தான், நன்றி சொல்கிற பொத்தான். இந்தக் கேள்விக்கு ஒன்றுமில்லை.

அப்பா காத்திருந்தார்.

வேறு வழி தெரியாமல் பச்சையைப் போட்டுவிட்டு இரண்டாவது பொத்தானை அழுத்தினார் திருமூர்த்தி.

"மத்தியான மாத்திரை போட்டீங்களா?"

"போட்டாச்சு அம்மிணி," என்று சட்டைப் பையைத் தட்டிக் காட்டினார் நாச்சிமுத்து.

பையிலிருந்து மாத்திரை அட்டை எட்டிப் பார்த்தது. இடுக்கில் கண்ணை வைத்திருந்த திருமூர்த்திக்கு அது நன்றாகவே தெரிந்தது. ஒரு குழிகூட உடையவில்லை. புத்தம்புது அட்டை.

கை தன்பாட்டில் பச்சையைப் போட்டது. போட்ட பிறகுதான் அவருக்கு உறைத்தது. சனிக்கிழமை முதல் இதே பச்சை தினமும் தன் போனில் விழும். விழுவதைப் பார்த்துவிட்டு அவரும் நிம்மதியாகத் தூங்கிவிடுவார்.

"என்னங்க டீச்சர், இந்தப் புள்ளைகிட்ட நீ சாப்பிட்டியான்னு கேட்டா, பதிலே சொல்ல மாட்டேங்குது?" என்றார் நாச்சிமுத்து.

"அதுக்குத் தெரியாதுங்க."

"பாவம்," என்றார் நாச்சிமுத்து. நிஜமாகவே பாவப்பட்டார். "என்ற பையனும் இப்படித்தானுங்க. நான் கேட்டா ஆச்சுங்ப்பான்னு சொல்லிப்போட்டு போனை வெச்சிருவான். எங்க சாப்பிட்டிருக்கப் போறான்? குரலைக் கேட்டாலே தெரியும்."

"தெரிஞ்சுமா தினமும் கேக்கறீங்க?"

"நாம கேக்காம வேற யாருங்க கேப்பாங்க?"

 பல்கீஸ் மெதுவாகக் கேட்டார். "அப்ப, இப்ப நீங்க சொன்ன ஆச்சு மட்டும் நிஜமா?"

நாச்சிமுத்து சிரித்தார். துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். துடைக்க அங்கே வேர்வை ஒன்றும் இல்லை.

"ஒத்தை ஆளுக்கு உலை வெக்கறது ஒரு வேலைங்களா? காலையில ரெண்டு பிஸ்கட்டு. வெறும் வயித்துல மாத்திரை போடக் கூடாதுன்னு டாக்டர் சொல்லிப்போட்டாரு. அதனால அதையும் போடறதில்லைங்க." குரலைத் தாழ்த்திக்கொண்டார். "அவன்கிட்டச் சொல்லிப்போடாதீங்க. படிக்கற பையன், கவலைப்படுவான்."

நாற்பத்தாறு வயதுப் பையன் பலகைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார். பொத்தான்கள் மடியில் இருந்தன. கண் நிறைந்து ஒன்றும் சரியாகத் தெரியவில்லை.

நாச்சிமுத்து பெட்டியின் பக்கம் குனிந்தார். காது கேட்காத பிள்ளையிடம் பேசுகிற மாதிரி, இன்னும் கொஞ்சம் சத்தமாக, இன்னும் கொஞ்சம் பிரியமாக மறுபடியும் கேட்டார்.

"நீ சாப்பிட்டியா அம்மிணி?"

பலகை ஆடியது. ஸ்டூல் உருண்டது. மடியில் இருந்த பொத்தான்கள் கீழே விழுந்து, அந்தப் பெண் குரல் யாரும் கேட்காமலேயே "நன்றி, நல்ல நாளாக அமையட்டும்," என்றது.

திருமூர்த்தி வெளியே வந்து நின்றார்.

"இல்லீங்ப்பா. நான் இன்னும் சாப்பிடலீங்க. காலையில இருந்தே சாப்பிடலீங்க."

"அட, நீ இதுக்குள்ளயா இருந்த!" என்று வாய் பிளந்தார் நாச்சிமுத்து. மகனைப் பார்த்தார், பெட்டியைப் பார்த்தார், டீச்சரைப் பார்த்தார். கை தானாகச் சட்டைப் பையைப் பொத்தியது.

பிறகு கையை எடுத்துவிட்டார்.

"நானுந்தான் கண்ணு," என்றார்.

 பெட்டியில் பச்சை இன்னும் எரிந்துகொண்டிருந்தது.

"வெளிய வந்துட்டீங்க," என்றார் பல்கீஸ். "வெள்ளிக்கிழமை வைக்கலாமா?"

"வேண்டாங்க மேடம்."

"ஒரு வருஷம் போயிரும்."

"போகட்டுங்க."

"கேன்டீன்ல இப்பப் போனாச் சாப்பாடு இருக்கும்," என்றார் பல்கீஸ்.

திருமூர்த்தி அப்பாவின் ஆஸ்பத்திரிப் பையை வாங்கிக்கொண்டார். இரண்டு பேரும் கதவுவரை போனார்கள். அங்கே நின்று திருமூர்த்தி திரும்பிப் பார்த்தார்.

"மேடம், பெட்டியை அப்படியே விட்டுட்டுப் போறனே?"

"அதுக்குப் பசிக்காது," என்றார் பல்கீஸ். "நீங்க போங்க."