சோற்றாவி படைத்த குருந்தையா

மேற்குக் கடலில் மீன்பிடிக்கும் விசைப்படகு ஒன்றில் சோறாக்கிப் போடுவது குருந்தையா அடியாரின் வேலை. வலை ஏறியதும் மீனைத் தரம் பிரிப்பதும் அவர்தான். ஊர், ஆவுடையார்கோயில் பக்கம். அங்கே ஈசனுக்கு உருவம் கிடையாது. சுடுசோற்றின் ஆவிதான் நைவேத்தியம். அடியாரும் உச்சிவேளையில் பானையைத் திறந்து, ஆவி எழக் கைகூப்பி நின்ற பிறகே மற்றவர்களுக்குப் பரிமாறுவார்.

ஐஸ் கம்பெனி வேலை என்று ஆசைகாட்டி அழைத்து வந்தவர்கள், போனையும் ஆதார் அட்டையையும் பிடுங்கிக்கொண்டு எல்லோரையும் இந்தப் படகில் ஏற்றிவிட்டார்கள். மீனை வேறு படகு வந்து வாங்கிப் போகும். பிடித்தவர்களுக்குக் கரை கண்ணில் படாது. ஊருக்குப் போகிறேன் என்றால் அடி விழும். படகை ஓட்டி எல்லோரையும் அடக்கி வைத்திருந்த டிரைவர் சிங்காரத்துக்கு அடியாரின் பூசை பெரிய வேடிக்கை.

"ஒஞ்சாமி ஆவியத்தானய்யா திங்குது? நீயும் அதையே தின்னு" என்று அவருக்குப் பகல் சோற்றை நிறுத்தினான். அடியார் பசியோடு பானையைத் திறந்தார், கும்பிட்டார், மற்றவர்களுக்குப் போட்டார்.

ஒருநாள் கூட்டாளி மாயழகுவின் கையில் கெளுத்தி முள் ஏறி, முழங்கை வரை வீங்கிக் காய்ச்சல் கண்டது. ஆஸ்பத்திரிக்குப் போகாவிட்டால் உயிரே போய்விடும். சிங்காரம் மசியவில்லை. அடியார் ஈசனிடம் அழுதார்.

மறுநாள் காவல்படகு ஒன்று நெருங்கியது. சிங்காரம் எல்லோரையும் மீன் அறைக்குள் தள்ளி மூடினான். சாதுதானே என்று அடியாரையும், எஞ்சின் பார்க்கும் தன் ஆளையும் மட்டும் மேலே விட்டான். "வாயத் தொறந்தே, மாயழகு மீனுக்கு எரதான்" என்று மிரட்டினான். பானையை மறந்துவிட்டான்.

"எத்தனை பேரு?" என்று தமிழ் தெரிந்த அதிகாரி அங்கிருந்தே கேட்டார்.

"மூணே பேருதான் சார்" என்றான் சிங்காரம்.

காவல்படகு திரும்பத் தொடங்கியது. அப்போது உச்சிவேளை. மிரட்டலுக்கு அஞ்சினாலும் வேளை தவற அடியாருக்கு மனம் ஒப்பவில்லை. வாயைத் திறக்காமல் பானையைத் திறந்தார். காற்றோ காவல்படகின் பக்கமிருந்து வீசிக்கொண்டிருந்தது. எதிர்காற்றில் ஆவி போகுமா என்று கேட்பீர்கள். போயிற்று. சுடுசோற்று வாசம் எட்டவும் அதிகாரி சட்டென்று திரும்பிப் பார்த்தார். படகை ஒட்டச் சொல்லி ஏறி வந்தார்.

"மூணு பேருக்கா இவ்ளோ சோறு? மத்தவங்க எங்க?"

அடியார் சொன்னார்: "எல்லாரும் கீழ கெடக்குறாகய்யா. ஒருத்தனுக்குக் கை அழுகுது."

அடைபட்டவர்கள் எல்லோரும் கரை சேர்ந்தார்கள்; ஆஸ்பத்திரியில் மாயழகு பிழைத்தான். ஊர் வந்த அடியார் நேரே கோயிலுக்குப் போய், உருவமில்லாத சந்நிதியின் முன் விம்மினார். "அம்புட்டுத் தூரத்துல வச்சதையும் வாங்கிக்கிட்டியே, சாமி!"

தாம் பட்டினி கிடந்தும் ஈசனைப் பட்டினி போடாத குருந்தையாவின் அடிகளைப் போற்றுவோம்.